கூழ் குடிக்காத வெற்றி

என் வயதுக்காரர்களுக்கு இதை அதிகம் விளக்கத் தேவையில்லை. சனிக்கிழமை விடியற்காலையில் எழுப்பப்பட்டு, காரின் பின் இருக்கையில் ரோல்ஸ் பெட்டிக்கும் சோடாப் பெட்டிக்கும் நடுவில் செருகப்பட்டு, யாரோ ஒருவருடைய பழைய பள்ளிக்கூடத்தின் மானத்தைக் காப்பாற்றக் கொண்டுபோகப்பட்ட கூட்டம்தானே நாம். நமக்கும் முப்பது நெருங்கிவிட்டது. அந்த மனிதர்கள் மீதான எரிச்சல் மட்டும் எனக்கு அன்று இருந்தபடியே இருக்கிறது.

அப்பா ஊரில் ரயிலடிப் பள்ளிக்கூடத்தில் படித்தவர். மாமா, அதாவது அம்மாவின் அண்ணன், கடலடிப் பள்ளிக்கூடத்தில் படித்தவர். இரண்டுக்கும் முறையான பெயர்கள் உண்டு. எங்கள் வீட்டில் யாரும் அவற்றைச் சொல்லிக் கேட்டதில்லை. இரண்டிலும் கடேற் படை இருந்தது. காக்கி உடுத்தி, சப்பாத்தை முகம் தெரிய மினுக்கி, அணிநடை பழகும் மாணவர் படை. அந்த இரண்டு படைகளும் ஆண்டுக்கொரு முறை உதைபந்தாட்டத்தில் மோதும். பெரிய கிரிக்கெட் ஆட்டத்துக்கு ஊரே திரளுமாம். இதற்குத் திரண்டது அவர்களும் அவர்களுடைய மாடுகளும்தான் என்று அம்மா சொல்வார். ஆனால் இவர்கள் இருவரும் கதைப்பதைக் கேட்டால் உலகக் கிண்ணத்தையே இரண்டாமிடத்துக்குத் தள்ளிவிட்டது போலிருக்கும்.

அந்த ஆட்டத்தை இருவரும் சுவிஸுக்குக் கொண்டுவந்தார்கள். வதிவிட அட்டை கைக்கு வருமுன்பே பந்து வந்துவிட்டதாம். கூடவே சம்பிரதாயங்களும் வந்தன. ஆட்டத்துக்கு முன் இரண்டு அணியும் காக்கியில் மைதானத்தைச் சுற்றி அணிநடை போகவேண்டும். ஒரு வருடம் ஒருவர் மைதானம், அடுத்த வருடம் மற்றவர் மைதானம். எல்லாவற்றையும்விடப் பெரியது கூழ். தோற்ற அணியின் தலைவர் அடுத்த ஞாயிற்றுக்கிழமை வென்றவர் வீட்டுக்குப் போய், பனங்கிழங்கு மாவில் நண்டும் மீனும் போட்டுக் காய்ச்சிய ஒடியற்கூழ் ஒரு கோப்பை குடித்து, "இந்த வருசம் உங்கடை" என்று வாயால் சொல்லவேண்டும். அது நடக்கும்வரை பத்துக்குப் பூச்சியம் என்று வென்றிருந்தாலும் வெற்றி வெற்றியல்ல. அப்பா ஒரு அணியின் தலைவர், மாமா மற்றதன் தலைவர். ஆகவே ஆண்டுதோறும் எங்கள் வீட்டிலோ மாமா வீட்டிலோ நண்டுக்கோதும் மீன்முள்ளும் மலையாகக் குவியும்.

அப்பா துன் நகரில் ஏரிக்கரை ஹோட்டல் ஒன்றின் குசினியில் வேலை செய்தார். அவர் எடுக்கும் மைதானம் சுவிஸ் படைமுகாமுக்குப் பக்கத்தில் இருந்தது. வேலிக்கு அப்பால் பச்சை லொறிகள் வரிசையாக நிற்கும். மலைப்பக்கமிருந்து சூட்டுப் பயிற்சிச் சத்தம் வரும். முதல் வருடம் அங்கே ஆடியபோது அந்தச் சத்தம் கேட்டதும் இரண்டு அணிகளும் பந்தை விட்டுவிட்டுப் புல்லில் குப்புறப் படுத்துவிட்டார்களாம். பந்து தன் பாட்டில் உருண்டு கோலுக்குள் போனதாம். அது கணக்கா இல்லையா என்று பிறகு ஒரு மணிநேரம் சண்டை. இதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பார்கள், நாங்களும் சேர்ந்து சிரிப்போம். இப்போது நினைத்தால் எனக்குச் சிரிப்பு வருவதில்லை.

இன்னொரு வருடம், அணிநடை முகாம் வேலியோரமாக வந்தபோது உள்ளே நின்ற இளம் சிப்பாய் ஒருவன் விளையாட்டுக்குச் சல்யூட் அடித்தான். அப்பா அதை விளையாட்டாக எடுக்கவில்லை. வயிற்றை உள்ளிழுத்து, தலையைத் திருப்பி, பதிலுக்கு அடித்தார். "சுவிஸ் ஆமியே எங்கடை பள்ளிக்கூடத்துக்கு மரியாதை குடுத்தது, உங்களுக்கு ஒரு வாத்தாவது திரும்பிப் பாத்ததோ?" என்று மாமாவிடம் கேட்டார். மாமாவின் மைதானம் சோலோதுர்னில் ஆற்றங்கரையில் இருந்தது. அங்கே வாத்துகள்தான் அதிகம். புல் எப்போதும் ஈரம். யார் விழுந்தாலும் எழும்போது பச்சையும் வெள்ளையுமாக எழுவார்.

துன்னைக் கடக்கிற அதே ஆறுதான் சோலோதுர்னையும் கடக்கிறது. இங்கே ஒரு பந்தைப் போட்டால் அது அங்கே போய்ச் சேரும் என்று அப்பா ஒருநாள் சொன்னார். நானும் நம்பி, சிவப்பு பிளாஸ்ரிக் பந்தொன்றில் மச்சாளின் பெயரை எழுதிப் போட்டேன். மச்சாள் என்பது மாமாவின் மகள். நான் அவளைவிட இரண்டு மாதம் மூத்தவள். எனக்குக் கூடப்பிறப்பு இல்லாத குறையைத் தீர்க்கப் பிறந்தவள் என்று நான் உறுதியாக நம்பியிருந்தேன். அவள் சோலோதுர்ன் பாலத்தில் பின்னேரம் முழுவதும் நின்று பார்த்தாள். நடுவில் அணைகள் இருக்கின்றன, ஒரு ஏரியே இருக்கிறது என்பதை அப்பா யோசிக்கவில்லை. அப்பாக்கள் யோசிக்காத விஷயங்களுக்காகப் பாலத்தில் நின்றே எங்கள் பிள்ளைக்காலம் போனது.

இனி 2010 கோடைக்கு வருகிறேன். அதற்கு முந்தைய வருடம் ஆட்டம் நடக்கவில்லை. 2009இல் யாருக்கும் பந்தைத் தொட மனம் இருக்கவில்லை. பெரியவர்கள் பேர்ணுக்கும் ஜெனீவாவுக்கும் பதாகைகளோடு போனார்கள், வந்தார்கள், பிறகு கதைப்பதையே விட்டுவிட்டார்கள். எங்கள் வீட்டில் தொலைக்காட்சி ஓடிக்கொண்டிருக்கும், யாரும் பார்க்கமாட்டார்கள். அடுத்த வருடம் வசந்தத்தில் அப்பா அலுமாரியிலிருந்து காக்கி நீளக்காற்சட்டையை எடுத்து இடுப்பில் வைத்துப் பார்த்தார். ஒரு வருடத்துக்குப் பிறகு அன்றுதான் அம்மா சிரித்தார்.

அதே வசந்தத்தில் மாமாவுக்கு லோசானில் ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் வேலை கிடைத்தது. கோடை விடுமுறை முடிய வீடு மாறுவதென்று முடிவாயிற்று. மச்சாள் அழுதாள், நான் அழுதேன். இரண்டு அம்மாக்களும் கூடி ஒரு ஏற்பாடு செய்தார்கள்: விடுமுறையின் முதல் சனிக்கிழமை ஆட்டம், ஆட்டம் முடிய மச்சாள் தன் பையோடு எங்கள் காரில் ஏறுவாள், லோசானுக்குப் போகும்வரை விடுமுறை முழுவதும் எங்கள் வீட்டில். நான் கட்டிலில் பாதியை அவளுக்கு ஒதுக்கினேன். அவள் ஒரு மாதத்துக்கு முன்பே பையைக் கட்டிவிட்டாள். நீல நிறம், ஒரு பக்க சிப் பழுது.

பிறகுதான் ஆண்கள் கதைக்கத் தொடங்கினார்கள்.

"2008 உங்கடை இடத்திலை நடந்தது. 2009 எங்கடை முறை, அது நடக்கேல்லை. அப்ப இந்த முறை துன்னிலைதான் வைக்கவேணும்," என்றார் அப்பா தொலைபேசியில்.

"ஒற்றை வருசம் துன், இரட்டை வருசம் சோலோதுர்ன். இது தொடங்கின நாளிலை இருந்து வாற முறை. நடக்காத மட்ச்சுக்கெல்லாம் முறை கேட்க ஏலாது, மச்சான்." ஒலிபெருக்கியில் மாமாவின் குரல் வீடு முழுவதும் கேட்டது.

இருவர் சொன்னதிலும் நியாயம் இருந்தது. அதுதான் பெரிய தொல்லை. ஒருவர் மடையராக இருந்திருந்தால் பிரச்சினை முடிந்திருக்கும். நாளுக்கு நாள் சத்தம் கூடியது. அம்மா ஒருநாள் அகப்பையோடு வந்து தொலைபேசிக்கு முன்னால் நின்றார்.

"ஒருத்தருக்கு நான் தங்கச்சி, ஒருத்தருக்குப் பெண்டில். ரெண்டு பேருக்கும் நடுவிலை கிடந்து சாகிறன். எனக்கும் ஒரு பள்ளிக்கூடம் இருந்தது. நாங்களும் நெற்போல் மட்ச்சிலை வெண்டனாங்கள். இண்டைவரைக்கும் ஆராவது அதைப் பற்றி ஒரு சொல்லுக் கேட்டனீங்களோ?"

அப்பா அகப்பையைப் பார்த்தார். மறுமுனையில் மாமா கேட்டார்: "அப்ப, மச்சான், சோலோதுர்ன்தானே?"

இரண்டு அணிகளுக்கும் பொதுவாக ஒரு நடுவர் இருந்தார். பீல் நகரில் இருந்த ஒரு அண்ணை, பொறுமைசாலி, அவருடைய பள்ளிக்கூடம் இவை இரண்டுமல்ல என்பதே அவருடைய தகுதி. அவருக்கும் வெறுத்துவிட்டது. "நான் சனிக்கிழமை பேர்ண் ஸ்ரேசனிலை நிக்கிறன். துன்னுக்கும் அங்கையிருந்து ரெயின், சோலோதுர்னுக்கும் அங்கையிருந்து ரெயின். எங்கை மட்ச் எண்டு முடிவெடுத்துப்போட்டு எனக்கு ஒரு போன் அடியுங்கோ," என்று இருவருக்கும் சொல்லிவிட்டார்.

யாரும் போன் அடிக்கவில்லை. நடந்தது இதுதான்: அப்பா துன்னில் மைதானத்தைப் பதிவு செய்தார். மாமா அதே நாளுக்கு, அதே நேரத்துக்கு, சோலோதுர்னில் பதிவு செய்தார். மற்றவன் கடைசியில் இறங்கிவருவான் என்று இருவரும் நம்பினார்கள். இப்படி ஒரு பிழையை வேறு எந்த இனத்தாராவது செய்வார்களா என்று நான் பல வருடமாக யோசிக்கிறேன். இதுவரை ஆள் அகப்படவில்லை.

அந்தச் சனிக்கிழமை நல்ல வெயில். மலை துடைத்து வைத்ததுபோல் தெரிந்தது. ரயிலடி அணி காக்கியில் வந்து இறங்கியது. அணிநடை போனார்கள். முகாம் வேலிக்குள் அன்று ஒரு குருவியும் இல்லை. பிறகு வரிசையில் நின்றார்கள். எதிரில் புல் மட்டும். நான் ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை வீதியைப் பார்த்தேன். நீலப் பையை வைக்க காரின் பின்புறத்தில் இடம் ஒதுக்கி, சோடாப் பெட்டியை என் மடியில் வைத்துக்கொண்டு வந்தவள் நான்.

குறித்த நேரம் கடந்ததும் அப்பா அறிவித்தார்: "வராத ரீம் தோத்த ரீம். வோக்கோவர். ஆனால் முறைப்படி ஒரு கோல் அடிக்கவேணும்."

வெறும் கோலுக்குள் பந்தை அடிக்கும் பெருமை யாருக்கு என்று கொஞ்சம் இழுபறி. கடைசியில் தலைவர் என்ற முறையில் அப்பாவே போனார். பந்தை நட்டார். பின்னால் நடந்தார். ஓடிவந்து அடித்தார். பந்து கம்பத்தில் பட்டுத் திரும்பி வந்தது. நான் அப்போது துன் சிறுமிகள் அணியில் விளையாடிக்கொண்டிருந்தேன். எங்களில் மிக மோசமான பிள்ளைகூட அதைத் தவறவிட்டிருக்காது.

"அது கணக்கில்லை, காத்து அடிச்சது," என்றார் அப்பா. இரண்டாம் முறை உள்ளே போனது. கைதட்டினார்கள். கட்டிப்பிடித்தார்கள். ஒருவர் கண்ணைத் துடைத்தார். எனக்கு அன்று அது வெறும் கூத்தாகத் தெரிந்தது. அவர்களில் எத்தனை பேருக்கு அந்தப் பள்ளிக்கூடத்தைத் தவிர ஊரில் எஞ்சியிருந்தது எதுவுமில்லை என்று பதின்மூன்று வயதில் எனக்கு யார் சொல்வது? தெரிந்திருந்தாலும் எரிச்சல் குறைந்திருக்காது, அது வேறு.

மாலையில் மச்சாள் போன் அடித்தாள். "நாங்கள் வெண்டிட்டம்," என்றாள் செத்த குரலில். சோலோதுர்னிலும் அதே அணிநடை, அதே வெறும் கோல், அதே கைதட்டல். "அப்பா முதல் அடியிலையே அடிச்சிட்டார். அதுக்குப் பிறகு ஒரு மணித்தியாலம் பேச்சு. நான் பைக்கு மேலை இருந்தனான்."

"என்ரை அப்பா ரெண்டாவது அடியிலை," என்றேன். இருவரும் சிரித்தோம். பிறகு சிரிக்கவில்லை.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை இரண்டு வீட்டிலும் கூழ் காய்ச்சினார்கள். எங்கள் வீட்டில் பெரிய பானை. ஒடியல் மா, நண்டு, றால், பயற்றங்காய், பலாக்கொட்டைக்குப் பதிலாக உருளைக்கிழங்கு, அரைத்த செத்தல் மிளகாய், பழப்புளி. மணம் படிக்கட்டால் இறங்கி வாசல்வரை போனது. அப்பா நல்ல சேட் போட்டுக்கொண்டு சன்னலோரம் உட்கார்ந்தார். தோற்றவன் வரவேண்டும், கூழ் குடிக்கவேண்டும், சொல்லவேண்டும். சோலோதுர்னில் மாமாவும் சேட் போட்டுக்கொண்டு இருந்தார். மச்சாள் நேரத்துக்கு நேரம் எனக்குச் சொல்லிக்கொண்டிருந்தாள். கூழ் ஆறி, மேலே ஆடை படர்ந்தது.

"பிள்ளையளை ஒருக்கா யோசியுங்கோ," என்றார் அம்மா. "அவள் பாவம், பையைக் கட்டிக்கொண்டு இருக்கிறாள். நீங்கள் போய் ஒரு வாய் குடிச்சால் குறைஞ்சோ போவியள்?"

"நான் ஏன் போகவேணும்? வெண்டவன் போய்க் கூழ் குடிக்கிற வழக்கம் எங்கையாவது இருக்கோ?"

நான் போய் அப்பாவுக்கு முன்னால் நின்றேன். "அப்பா, மச்சாள் லோசானுக்குப் போயிடுவாள்."

"போகட்டும் பிள்ளை, லோசான் என்ன சந்திரனிலையோ இருக்கு? அடுத்த வருசம் மட்ச்சுக்கு வருவினம்தானே."

அப்பாவின் வாழ்க்கையில் இதைவிடப் பெரிய தப்புக்கணக்கு இல்லை. அடுத்த வருடம் ஆட்டம் இல்லை. 2010இன் ஆட்டம் எங்கே நடந்தது என்று முடிவாகாமல் அடுத்தது யாருடைய முறை என்று சொல்லமுடியாது; முறை தெரியாமல் மைதானம் எடுக்கமுடியாது. அதோடு அந்த ஆட்டமே நின்றுபோனது. அந்தக் கோடை முழுவதும் மச்சாள் ஒருநாளும் வரவில்லை. என் கட்டிலின் பாதி காலியாகவே கிடந்தது. ஆவணி பிறந்ததும் அவர்கள் லொறி பிடித்து லோசானுக்குப் போனார்கள்.

அந்த வீடு மாற்றத்தில் வெற்றிக் கிண்ணமும் தொலைந்தது. 2008இல் வென்றது மாமா என்பதால் அது அவர் வீட்டில் இருந்தது, பித்தளை, ஒரு கைபிடி உடைந்தது. மாமா அதை இப்போதும் பதுக்கி வைத்திருக்கிறார் என்று அப்பா சொல்கிறார். லொறிக்காரர் தொலைத்துவிட்டார் என்று மாமா சொல்கிறார். உண்மையில், வீட்டைக் காலி செய்த அன்று மாமி அதைத் தூக்கிக்கொண்டு நேரே புரொக்கிக்குப் போனார். பழைய சாமான் கடையைத்தான் சொல்கிறேன். "சனியன் துலையட்டும்" என்று மேசையில் வைத்துவிட்டு வந்தாராம். மச்சாள் பக்கத்தில் நின்றாள். இதை வாசிப்பவர்களில் யாராவது சோலோதுர்ன் பக்கம் கைபிடி உடைந்த பித்தளைக் கிண்ணமொன்றில் பூ வைத்திருந்தால், தயவுசெய்து அப்படியே வைத்திருங்கள்.

லோசானில் மச்சாள் பிரெஞ்சுக்குள் விழுந்தாள். மூன்று வருடத்தில் அவளுடைய சுவிஸ் ஜெர்மன் போய்விட்டது; எனக்குப் பிரெஞ்சு வரவேயில்லை. எங்கள் இருவருக்கும் தமிழ் மட்டும் மிஞ்சியது. நாங்கள் இன்றும் தமிழில் கதைப்பதைப் பார்த்துப் பெரியவர்கள் தங்கள் வளர்ப்பைப் பாராட்டிக்கொள்கிறார்கள். கலியாண மண்டபங்களில் கண்டோம். அப்பாவும் மாமாவும் எதிரெதிர் மூலை மேசைகளில் இருப்பார்கள். நாங்கள் கை கழுவும் இடத்தில் நின்று கதைப்போம். ஒரு கூடப்பிறப்புக்குச் சொல்லவேண்டியதையெல்லாம் குழாயடியில் சொல்லி முடிக்கமுடியாது.

போன பனிக்காலத்தில் மாமாவுக்கு இதயத்தில் அறுவைச் சிகிச்சை நடந்தது. அவர் வேலை செய்த அதே ஆஸ்பத்திரியில். மச்சாள் எனக்குச் சொல்ல, நான் அப்பாவுக்குச் சொன்னேன். மறுநாள் காலையில் அப்பா நல்ல சேட் போட்டுக்கொண்டு வந்து நின்றார். "லோசானுக்கு ரிக்கற் போடு."

வழியில் ரயில் ஒரு சுரங்கத்தைத் தாண்டியதும் திடீரென்று முழு ஏரியும் கீழே விரியும். எல்லாரும் சன்னல் பக்கம் திரும்புவார்கள். அப்பா தன் சப்பாத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். அதை மினுக்கியிருந்தார்.

மாமா கட்டிலில் மெலிந்து கிடந்தார். முன்னால் மதியச் சாப்பாட்டுத் தட்டு, தொடாமல். அப்பாவைக் கண்டதும் எழும்ப முயன்றார். மச்சாள் தோளைப் பிடித்து அழுத்தினாள்.

"என்ன மச்சான், சாப்பிடேல்லையோ?" என்றார் அப்பா. பதினைந்து வருடத்துக்குப் பிறகு அவர் மாமாவிடம் கேட்ட முதல் கேள்வி அது.

"மனமில்லை."

அப்பா கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். தட்டைப் பார்த்தார். மரக்கறி சூப், மஞ்சளாக, ஆறி, மேலே ஆடை படர்ந்திருந்தது. கரண்டியை எடுத்தார். ஒரு வாய் குடித்தார். இன்னொரு வாய். கரண்டியைத் துடைத்து வைத்தார்.

"இந்த வருசம் உங்கடை," என்றார்.

மச்சாள் என் கையைப் பிடித்தாள். மாமா கண்களை மூடிக்கொண்டார். ஓரத்தால் நீர் வழிந்தது. பிறகு கண்ணைத் திறந்து, "உப்புக் காணாது என்ன?" என்றார்.

"உங்கடை கூழுக்கு எண்டைக்கு உப்புக் கண்டது?" என்றார் அப்பா.

நான் வெளியே போய் நடைபாதையில் நின்று அழுதேன். சந்தோஷத்தில் பாதி, ஆத்திரத்தில் பாதி. இரண்டு வாய் சூப். இதற்குத்தானா என் கட்டிலின் பாதி அத்தனை வருடம் காலியாகக் கிடந்தது?

திரும்பும் ரயிலில் பேர்ண் நெருங்கியதும் அப்பா என் பக்கம் திரும்பினார்.

"அது கணக்கில்லை, பிள்ளை."

"எது?"

"சூப். ஆஸ்பத்திரிச் சூப் கூழாகுமோ? நான் பசியிலை குடிச்சனான். மட்ச் இன்னும் இருக்கு. வாற கோடையிலை வைப்பம். சோலோதுர்னிலை வைப்பம். அவன் ஏலாதவன், அவன்ரை இடத்திலைதான் வைக்கவேணும்."

மச்சாளுக்கு எழுதலாம் என்று போனை எடுத்தால், அவளுடைய செய்தி முந்திக்கொண்டு வந்திருந்தது. "என்ரை அப்பா சொல்லுறார், உன்ரை அப்பா பசியிலை குடிச்சவராம், அதைக் கணக்கெடுக்க ஏலாதாம். மட்ச் வைக்கத்தான் வேணுமாம். துன்னிலைதானாம். அவன் இவ்வளவு தூரம் வந்தவன், இனி நான்தான் அவன்ரை இடத்துக்குப் போகவேணும் எண்டு நிக்கிறார்."

ஆகவே, என் வயதுக்காரர்களே, வருகிற கோடை விடுமுறையின் முதல் சனிக்கிழமை என் அப்பா காக்கியில் சோலோதுர்ன் ஆற்றங்கரையில் வாத்துகளோடு நிற்பார். மாமா காக்கியில் துன்னில் படைமுகாம் வேலியோரம் நிற்பார். அணிகளில் பாதிப்பேருக்கு முழங்கால் இல்லை, மீதிப்பேருக்குச் சீனி வியாதி. இரண்டு மைதானங்களும் பதிவாகிவிட்டன. அம்மாவும் மாமியும் தலையில் கை வைத்துக்கொண்டு இருக்கிறார்கள். சமாதானம் பேச யாரும் போகவில்லை, நானும் போகப்போவதில்லை.

நான் மச்சாளுக்கு ஒரே ஒரு வரி எழுதினேன்: "அவை எங்கையாவது நிக்கட்டும், நான் பேர்ண் ஸ்ரேசனிலை நிக்கிறன், நீ பையைக் கட்டிக்கொண்டு வா."